அதிக மாதத்தில் இரண்டு மணைகள்

1

இந்தக் கதை மைசூர்பாகிலிருந்து வந்தது. மகாராஷ்டிரத்தின் கராட் ஊரில், மங்கள்வார் பேட்டை இனிப்புக் கடையில், எனக்கு முன்னால் நின்ற ஒரு அம்மாள், "நல்லா ஓட்டை விழுந்ததாப் பாத்துக் குடுங்க. மழமழன்னு இருக்கறது வேண்டாம்" என்றாள்.

கடைக்காரர் ஒரு துண்டைத் திருப்பித் துளைகளைக் காட்டினார். "மாப்பிள்ளைக்குத்தானே தாயி? பொண்ணு வந்தாச்சா?"

"மாப்பிள்ளை மட்டுந்தான் வராரு."

கடைக்காரர் கயிற்றைக் கட்டிக்கொண்டே இருந்தார். எனக்குத் தெரிந்த உண்மை இவ்வளவுதான். இனி வருவதெல்லாம் என் கற்பனை. அந்த அம்மாளுக்கு மந்தாகினி என்று பெயர் வைக்கிறேன்.

துளைக்குக் காரணம் சொல்ல வேண்டும். அதிக மாதத்தில் மாப்பிள்ளைக்குக் கொடுக்கும் பலகாரத்தில் துளை இருக்க வேண்டும் என்பது இங்கே வழக்கம். ஏன் என்று கேட்டால் வீட்டுக்கு ஒரு காரணம் சொல்கிறார்கள். என்னுடையது இது: அந்த மாதமே ஒரு துளையை அடைக்க வந்ததுதான். நிலவின் பன்னிரண்டு மாதங்களைக் கூட்டினால் சூரியனின் ஓர் ஆண்டுக்குச் சில நாள் குறையும். அந்தக் குறை சேர்ந்துகொண்டே போய், ஏறக்குறைய மூன்றாண்டில் ஒரு மாதமளவு பள்ளமாகிவிடும். அப்போது ஒரு நிலவு மாதம் முழுக்கச் சூரியன் ராசி மாறாமலே கழியும். சூரியன் மாறாத மாதத்துக்குச் சொந்தப் பெயர் கிடையாது. அடுத்து வரும் மாதத்தின் பெயரைத்தான் அது கடன் வாங்கிக்கொள்ளும். 2023இல் அப்படித்தான் ஷ்ராவணம் இரண்டு வந்தது. முதலில் அதிக ஷ்ராவணம், பிறகு நிஜ ஷ்ராவணம்.

அதிக மாதத்தில் எதையும் புதிதாகத் தொடங்கமாட்டார்கள். கல்யாணம் கிடையாது, புதுமனை புகுவது கிடையாது. நாகபஞ்சமியும் தேங்காய்ப் பௌர்ணமியும் நிஜ மாதம் வரட்டும் என்று காத்திருக்கும். கொடுப்பது மட்டும் செல்லும். மாப்பிள்ளையை நாராயணனாகவும் மகளை லட்சுமியாகவும் பக்கத்துப் பக்கத்து மணையில் உட்காரவைத்து, அதிரசம் போன்ற அனாரசா முப்பத்து மூன்றும் விளக்கும் கொடுப்பார்கள்.

2

தொடக்கம் சரியாக வரவில்லை. எழுதிப் பார்த்தவை இவை:

'மழைக்கு முன்பே மந்தாகினி அரிசியை—' (அதிக ஷ்ராவணத்தில் மழை ஏற்கெனவே கொட்டிக்கொண்டிருக்கும். கிருஷ்ணை, கொய்னா ஆறுகள் கலங்கலாக ஓடும் நேரம். தப்பு.)

'மந்தாகினி பிடிவாதக்காரி. ஒன்றை நினைத்துவிட்டால்—' (இல்லை. அவளுக்கு ஒரு வேலை பாதியில் நிற்கிறது, அவ்வளவுதான்.)

அந்த வேலையைச் சொல்லிவிடுகிறேன். மகள் ஊர்மிளாவைக் கோலாப்பூரில் ரணதீருக்குக் கொடுத்தாள். கல்யாணமான ஆண்டிலேயே அதிக மாதம் வந்தது. கூடவே கொரோனாவும் வந்தது. யாரும் யார் வீட்டுக்கும் போகவில்லை. "போனா போகுது, அடுத்த அதிக மாசத்துல ரெண்டையும் சேத்து ஜமாய்ச்சுடறேன்" என்று மந்தாகினி போனில் சொன்னாள். "மூணு வருஷ வட்டியோட குடும்மா" என்று ஊர்மிளா சிரித்தாள்.

4

(3 எங்கே என்று தேட வேண்டாம். இந்த ஊர்ப் பஞ்சாங்கத்தில், ஒரு சூரிய உதயத்துக்குப் பின் தொடங்கி மறு உதயத்துக்கு முன்பே முடிந்துவிடும் திதிக்கு நாள் கிடைக்காது. இரண்டாம் நாளுக்குப் பிறகு நேராக நாலாம் நாள் வரும். அந்தத் திதி இல்லாமல் போய்விடவில்லை. எந்தக் காலையும் அதைப் பார்க்கவில்லை, அவ்வளவுதான். ஊர்மிளா இறந்தது மூன்றாம் பகுதியில்.)

2023 கோடைக்கு முன் ரணதீர் மறுமணம் செய்துகொண்டான். பெண்ணின் பெயர் ஷீதல். மந்தாகினியின் கணவர் வசந்தராவ், அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர், போனில் வாழ்த்துச் சொன்னார். மந்தாகினி அப்போது பக்கத்தில் நின்று பருப்பு அரித்துக்கொண்டிருந்தாள்.

அதிக மாதம் பிறந்ததும் அவளே கூப்பிட்டாள்.

"மாப்பிள்ளை, எப்ப வரீங்க?"

"ஆயி... ஷீதல் வீட்லயும் கூப்பிட்டிருக்காங்க."

"போயிட்டு வாங்க. மாமியார் ரெண்டா இருந்தா வயிறு ஒண்ணு பத்தாதா?"

அவன் சிரித்துவிட்டான். ஞாயிற்றுக்கிழமை தனியாக வருவதாகச் சொன்னான்.

வசந்தராவ் செய்தித்தாளை மடித்தார். "டிக்கெட் கிழிச்சாச்சு, பஸ்ஸும் போயிடுச்சு. இன்னும் எதுக்குடி ஸ்டாண்டுல நிக்கறே?"

"நான் பஸ்ஸுக்கு நிக்கல. குடுக்கறேன்னு சொன்னதைக் குடுக்கறேன். இந்த மாசம் விட்டா இன்னும் மூணு வருஷம். அதுக்குள்ள அவர் அந்த வீட்டு மாப்பிள்ளையா பழகிடுவாரு. அப்பறம் நான் எந்த உரிமைல கூப்பிடுவேன்?"

(வசந்தராவுக்கு ஒரு பதில் எழுதி அடித்துவிட்டேன். அவர் பதில் சொல்லியிருக்கமாட்டார். எழுந்து போய்ப் பரணிலிருந்து மணையை இறக்கியிருப்பார். ஒன்றல்ல, இரண்டு. பழக்கம்.)

அனாரசா செய்யும் முறையைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. அரிசியை ஊறவைத்துத் தினமும் தண்ணீர் மாற்றி, மூன்றாம் நாள் நிழலில் உலர்த்தி, ஈரம் முழுக்கப் போவதற்குள் இடிக்க வேண்டும். வெல்லம் சேர்த்துப் பிசைந்து சில நாள் வைத்தால் மாவு பக்குவமாகும். கசகசாமேல் வைத்துத் தட்டி, கசகசாப் பக்கம் மேலே இருக்கும்படி நெய்யில் விட வேண்டும். திருப்பிப் போடக் கூடாது. கரண்டியால் நெய்யை மேலே வாரி விட்டாலே வலைபோல் துளை விழும். வெல்லம் கூடிப்போனால் நெய்யிலேயே விரிந்து உதிர்ந்துபோகும். அதை இங்கே 'அனாரசா சிரிச்சிடுச்சு' என்பார்கள்.

மந்தாகினியின் முதல் அனாரசா சிரித்தது. இரண்டாவதும்.

"யாரைப் பாத்துச் சிரிக்குதோ!" என்றார் வசந்தராவ் வாசற்படியில் நின்று.

"உங்களைத்தான். போய் மாவு வாங்கிட்டு வாங்க." கொஞ்சம் அரிசி மாவைத் தூவிப் பிசைந்தாள். மூன்றாவது, சிரிக்காமல் நின்றது.

ஞாயிறு காலை இரண்டு மணைகளையும் போட்டுக் கோலமிட்டாள். பூஜையில் மனைவி பக்கத்தில் இல்லாவிட்டால், அவள் இடத்தில் ஒரு கொட்டைப்பாக்கு வைப்பது உண்டு. ஊருக்குப் போனவளுக்கு அது செல்லும். இறந்தவளுக்குச் செல்லுமா? இரண்டு புரோகிதர்களிடம் விசாரித்தேன். ஒருவர் கூடாது என்றார். மற்றவர், "யாரும் இதுவரை கேட்டதில்லையே" என்றார். மந்தாகினி யாரையும் கேட்கவில்லை. கேட்டால் என்ன சொல்வார்கள் என்று அவளுக்குத் தெரியும். பாக்கை எடுத்து இரண்டாவது மணையில் வைத்தாள். ஊர்மிளாவின் பச்சை ரவிக்கைத் துணியை அதன்கீழ் மடித்துவைத்தாள்.

அதிக 5

இந்தப் பகுதிக்கு எண் ஒட்டவில்லை. கதை நகர வேண்டிய இடத்துக்கு நகராமல் நிற்கிறது. ஆகவே முறைப்படி இதை அதிகப் பகுதியாக வைக்கிறேன். இங்கே எதையும் புதிதாகத் தொடங்கக் கூடாது. கொடுக்கலாம்.

ரணதீர் வந்தான். தனியாக இல்லை. மழையில் பாதி நனைந்த ஷீதல் அவன் பின்னால் நின்றாள்.

"ஆயி, இவ ஸ்டாண்டுலயே உக்காந்திருக்கேன்னா. மழை பிடிச்சிடுச்சு. நான்தான்..."

"நான் இங்கயே நிக்கறேன் காகூ. ஈரமா இருக்கேன்" என்றாள் ஷீதல். அக்கம்பக்கத்துப் பெண்களைக் கூப்பிடுவதுபோல் காகூ என்றாள். வேறெப்படிக் கூப்பிடுவது என்று அவளுக்கும் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை.

"இவ்வளவு மழையில வாசல்லயா நிக்கறது? உள்ள வாம்மா" என்று வசந்தராவ்தான் துண்டைக் கொடுத்தார்.

ரணதீர் மணையில் உட்கார்ந்தான். பக்கத்து மணையைப் பார்த்தான். பாக்கைப் பார்த்தான். பச்சைத் துணியை அடையாளம் கண்டுகொண்டான். தலையைத் தூக்கவில்லை.

மந்தாகினி அவன் நெற்றியில் குங்குமமிட்டாள். அடுத்தது இரண்டாவது மணை. மோதிர விரலில் மஞ்சளும் குங்குமமும் இருந்தன.

அப்போதுதான் ஷீதல் அந்தப் பாக்கைக் கவனித்தாள். சட்டென்று ஓரடி பின்வாங்கினாள். "காகூ, அவங்களுக்குச் செய்யுங்க. நான் பாத்துட்டிருக்கேன்."

இந்த வாக்கியத்தை எழுதும்வரை ஷீதலை நான் நம்பவில்லை. கதைக்கு இடைஞ்சலாக வந்தவள் என்றே வைத்திருந்தேன்.

மணை இரண்டு. ஆட்கள் மூன்று. வீட்டுக்கு வந்த சுமங்கலியை மஞ்சள் குங்குமம் இல்லாமல் அனுப்புவது இந்த ஊரில் கன்னத்தில் அறைவதற்குச் சமம். அந்த இடத்தில் அவளை உட்காரவைத்து இட்டால், மகளின் மணை நிரம்பிவிடும். மந்தாகினியின் விரல் பாக்குக்கும் அந்தப் பெண்ணுக்கும் நடுவில் நின்றது.

'மந்தாகினி பாக்கை எடுத்து ஷீதலின் கையில்—' (அழகாக இருக்கிறது. அதனாலேயே சந்தேகம்.)

'பாக்குக்கு மட்டும் இட்டுவிட்டு, குங்குமச் செப்பை மூடி—' (இவள் செய்யக்கூடியவள்தான். நான் எழுத மாட்டேன்.)

'"மூணாவது மணை பரண்ல இருக்கா?" என்று கணவரைக்—' (அந்த வீட்டில் மூன்றாவது மணை இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது.)

அதிக மாதத்துக்குத் தன் பெயர் என்னவென்று தன்னால் சொல்ல முடியாது என்றேன் அல்லவா? பின்னால் வரும் மாதம்தான் அதற்குப் பெயர் கொடுக்கிறது. இந்த அறையில் நடந்தது என்ன, விடைகொடுத்தலா, வரவேற்பா என்பதும் அப்படித்தான். அடுத்த பகுதி சொன்னால்தான் இதற்குப் பெயர்.

மைசூர்பாகுப் பெட்டியின் கயிற்றை வசந்தராவ் இன்னும் அவிழ்க்கவில்லை. விரலில் குங்குமம் காய்ந்துகொண்டிருக்கிறது.

நிஜ 5

(இதை எழுத வேண்டியது நீங்கள்.)