வெள்ளிக்கிழமைக் குழையல்

குணலட்சுமிக்கு ஆஸ்பத்திரியில் ஒரு பட்டப்பெயர் உண்டு: ‘சவர்க்கார மிஸ்’. தொற்றுத் தடுப்புக்குப் பொறுப்பான தாதி அவள். கை கழுவாமல் ஒரு கட்டிலிலிருந்து அடுத்த கட்டிலுக்குப் போனால், பெரிய டொக்டராக இருந்தாலும் விடமாட்டாள். யாருடைய முகக்கவசமாவது மூக்குக்குக் கீழே இறங்கினால் வாட்டின் அடுத்த மூலையிலிருந்தே அவள் குரல் வந்துவிடும். அப்படிப்பட்டவளின் வாட்டிலேயே, கொரோனாவின் இரண்டாம் வருடம், ஒரே கிழமைக்குள் வேலை செய்யும் எட்டுப் பேரில் ஆறு பேர் அந்த நோயில் விழுந்தார்கள் என்றால் வெட்கக்கேடுதானே.

விழுந்தவர்களில் அவளும் ஒருத்தி. நீர்வேலி வீட்டில் ஓர் அறைக்குள் இரண்டு கிழமை கிடந்து தேறி வந்தபோது மேசையில் வேலை கிடந்தது. நோய் யாரிலிருந்து தொடங்கியது, எப்படிப் பரவியது என்று அவள் அறிக்கை எழுத வேண்டும். திங்கட்கிழமைக் கூட்டத்தில் அதை வாசிப்பார்கள்.

யாரிலிருந்து என்பதில் ஒருவருக்கும் சந்தேகம் இல்லை. கனிசியஸ். நோயாளருக்குச் சாப்பாடு கொடுப்பதும் கட்டில் தள்ளுவதும் அவருடைய வேலை. குருநகர் ஆள், கரையோரத்து மீன்பிடிக் குடும்பம். அந்தப் பக்கம் நோய் என்று ஊரே கதைத்த நாட்கள் அவை. முதலில் இருமியதும் அவர்தான், ஒரு திங்கட்கிழமை. காய்ச்சலை மறைத்துக்கொண்டு வந்தார் என்று யாரோ சொல்ல, அதுவே கதையாகிவிட்டது. வேலை இன்னும் நிரந்தரமாகாதவர். அறிக்கை வரும்வரை வரவேண்டாம் என்று சொல்லியிருந்தார்கள். முதல் வரியில் அவர் பெயர் வந்தால் வேலை போய்விடும். அது குணலட்சுமிக்கும் தெரியும். தெரிந்துகொண்டே எழுதியும் விட்டாள்: ‘முதல் நோயாளி: கனிசியஸ், குருநகர்.’

மிச்சப் பேருக்கு நோய் தொடங்கிய நாட்களை நிரப்பத்தான் இளம் தாதி தனுசியாவைக் கூப்பிட்டாள்.

“உமக்குக் காய்ச்சல் எப்ப தொடங்கினது, பிள்ளை?”

“செவ்வாய்க்கிழமை மிஸ். அந்த உப்புக் குழையல் சாப்பிட்டு நாலாம் நாள்.”

“எந்த உப்புக் குழையல்?”

“மறந்திட்டியளே? நீங்கள் குழைச்சதுதான். வாயிலை வைக்கேலாமல் கரிச்சுது. நாங்கள் பகிடி பண்ண, நீங்கள் இன்னும் உப்புக் காணாதெண்டு நிண்டனீங்கள்.”

தனுசியா சிரித்துவிட்டுப் போய்விட்டாள். குணலட்சுமிக்குச் சிரிப்பு வரவில்லை.

வெள்ளிக்கிழமை மத்தியானம் அந்த வாட்டில் ஒரு வழக்கம். எல்லோரும் மரக்கறிச் சாப்பாடு கொண்டு வருவார்கள். சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, கீரை என்று வந்த அத்தனையையும் ஒரு பெரிய சட்டியில் கொட்டிக் குணலட்சுமி குழைப்பாள். நோயாளருக்கு முன்னால் கவசமும் கையுறையும் போட்டு வேர்த்து நின்றவர்கள், ஓய்வறைக்குள் வந்ததும் எல்லாவற்றையும் கழற்றிவிட்டு முழங்கால் முட்ட வட்டமாக இருப்பார்கள். காகம் வருமென்று ஜன்னலும் சாத்தியிருக்கும். அவள் உருண்டை பிடித்து ஒவ்வொரு கையிலும் வைப்பாள். முழங்கை வரை கழுவிய கைதான். மூச்சைக் கழுவ முடியுமா? நோய் கட்டிலில் கிடப்பவரிடமிருந்துதான் வரும், எங்கள் ஆட்களிடமிருந்து வராது என்று எல்லோரும் நம்பினார்கள். படித்துப் படிப்பித்த அவளும் அப்படித்தான் நம்பினாள்.

கனிசியசின் கையிலும் தன் கையாலேயே வைப்பதில் அவளுக்கு ஒரு பெருமை இருந்தது. குருநகர் ஆளோடு ஒரே சட்டியில் சாப்பிடத் தன் தாய் விட்டிருக்கமாட்டாள் என்று நினைத்து நினைத்துப் பெருமைப்படுவாள்.

அந்த வெள்ளிக்கிழமை அவளுக்குத் தடிமன், மூக்கடைப்பு. ஆவி பிடித்துவிட்டு வேலைக்கு வந்தாள். வேறு யாராவது அப்படி வந்திருந்தால் வீட்டுக்குத் துரத்தியிருப்பாள். அன்றைக்குப் பொரித்து வைத்திருந்த மோர்மிளகாயின் மணம்கூட அவளுக்கு வரவில்லை, உப்பும் தெரியவில்லை. ஆனால் அறிக்கையில் தன் பெயருக்கு எதிரே, நோய் தொடங்கிய நாளாக, காய்ச்சல் வந்த புதன்கிழமையை எழுதியிருந்தாள். பொய் என்று தெரிந்து எழுதவில்லை. கனிசியஸ் இருமியது அந்த வெள்ளிக்குப் பிறகு வந்த திங்களில். நோயைக் கொண்டுவந்தது அவள்தான்.

பொறுப்பு வைத்தியர் சிவதர்ஷனிடம் போய்ச் சொன்னாள். அவர் பேனாவை மூடி வைத்தார்.

“உங்கடை பேரைப் போட்டால், மிஸ், இனி வாட்டிலை ஆர் உங்கடை சொல்லைக் கேப்பினம்? ஆரிலை தொடங்கினதெண்டு தெரியேல்லை எண்டு எழுதுங்கோ. அவருக்கும் பிரச்சினையில்லை, உங்களுக்கும் இல்லை.”

நல்ல மனிதர், நன்மைக்குத்தான் சொன்னார். அவளுக்கும் ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் ‘தெரியவில்லை’ என்று எழுதினால் ஊர் வாய் மூடாது; கனிசியசின் பெயரையே சொல்லிக்கொண்டிருக்கும். ஓய்வறை ஜன்னலும் பழையபடி சாத்தப்படும், அடுத்த வெள்ளிக்கிழமை சட்டியும் வரும்.

முதல் வரியை வெட்டினாள். ‘முதல் நோயாளி: குணலட்சுமி, தொற்றுத் தடுப்புத் தாதி. தடிமன் என்று நினைத்து வேலைக்கு வந்தார். பரவிய இடம்: ஓய்வறை, மதிய உணவு. இனி உணவு வெளியே, தனித்தனியே.’ தன் பெயரை ஒருமுறை வாசித்தாள். இருபத்தாறு வருடம் சேர்த்த பேர் அது.

பிறகு கனிசியசுக்குப் போன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னாள்.

“தெரியும் மிஸ்,” என்றார் அவர். “சாப்பாடு குடுக்கிற ஆள்தானே நான். உந்த நோயோடை வாற கனபேர் முதல் சொல்லுறது உப்பில்லை எண்டுதான். வீட்டிலை படுத்திருந்து யோசிக்கேக்கை எனக்கு விளங்கிட்டுது.”

“பிறகேன் ஒருத்தருக்கும் சொல்லேல்லை?”

“சொல்லியிருந்தால் நம்பியிருப்பியளே?”

‘ஏன் நம்பாமல்’ என்று சொல்ல வாயெடுத்தாள். வெட்டிய வரி கண்ணுக்கு முன்னால் கிடந்தது. ‘குருநகர்’ என்ற சொல் வெட்டுக்குள்ளும் வாசிக்கக்கூடியதாக இருந்தது. மற்ற ஐந்து பேரில் ஒருவருக்கும் அவள் ஊரை எழுதியிருக்கவில்லை.

“இல்லை, கனிசியஸ்,” என்றாள். “நம்பியிருக்க மாட்டன்.”

“திங்கட்கிழமை வேலைக்கு வரலாமோ மிஸ்?”

“ஓம், வாங்கோ. கூட்டத்துக்கு முதலே வாங்கோ. நான் இந்த அறிக்கையை வாசிக்கேக்கை நீங்களும் அங்கை நிக்க வேணும்.”