ஆற்றில் விழுந்த பின் வரும் வளைவு

1

விழட்டும், இன்னொரு தடவை விழட்டும் என்று நெல்டா நினைத்துக்கொண்டாள்.

(கதை முளைத்தது இந்த நினைப்பில்தான். நல்ல மனைவி இப்படி நினைப்பாளா என்று முதல் வரைவில் அடித்துவிட்டேன். அவள் மறுபடியும் நினைத்தாள். விட்டுவிட்டேன்.)

2

மீனா கிளாவேரோ ஊர் மலைகளின் மேல் மேகங்கள்—

வேண்டாம். மேகத்துக்கு இங்கே வேலையில்லை. ஞாயிறு மதியம், ஊரே தூங்குகிறது. அவள் கணவன் எல்வியோ தன் பழைய பந்தயத் தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டு கணினிமுன் உட்கார்ந்திருக்கிறான். மாத்தே தேநீர்க் குழலைக் கவசத்துக்குள் விட்டு உறிஞ்சுகிறான். ஆடுவது அரதப்பழசான ராலி கார்ப்பந்தய ஆட்டம். அவர்கள் ஊர் மலைப்பாதை அதில் மட்டும்தான் இருக்கிறது. மகள் வாங்கித்தந்த புதுக் கணினிக்கோ அசுர வேகம். கார் பறக்கிறது, வழி சொல்லும் குரல் மட்டும் பழைய வேகத்திலேயே வருகிறது. கார் ஒரு பசுவையும் இழுத்துக்கொண்டு ஆற்றில் மூழ்கிய பிறகு, நிதானமாக: "வலது வளைவு. கவனம்."

"இப்ப யாருக்குடா சொல்ற? மீனுக்கா?" என்று கத்தினான் எல்வியோ.

3

இளமையில், நிஜப் பந்தயங்களில், பக்கத்தில் உட்கார்ந்து அவனுக்கு வழி சொன்னவள் நெல்டா. இதே வளைவில் கார் கவிழ்ந்தது. அவள் முன்கூட்டியே சொன்னாள்; அவன் கேட்கவில்லை. ஊரில் அவன் சொன்னதோ, "லேட்டா சொல்லிட்டா." இன்றைக்கும் எதிர்வீட்டு ரொட்டிக்கடைக்காரி, "வாங்க லேட்டம்மா" என்றுதான் கூப்பிடுகிறாள். அது பொய் என்று அவன் வாயால் ஒருமுறை வந்தால் போதும் அவளுக்கு.

(வரவழைக்கக் கண்ணீர் வைத்தேன், மழை வைத்தேன். ஒட்டவில்லை. மன்னிப்புக் கேட்கச் சொன்னால் எல்வியோ கவசத்தைக் கழற்றி என்மேல் எறிவான்.)

கார் மறுபடி மூழ்கியபோது அந்த வார்த்தை அவன் வாயில் தானாக வந்தது.

"ஏ கெழவி! நீ ஒருநாளாவது இவன மாதிரி லேட்டா சொல்லிருக்கியா?"

நெல்டா எழுந்துபோய்த் தெருப்பக்க ஜன்னலைத் திறந்தாள்.

"என்ன சொன்ன கெழவா? கேக்கல."

"நீ ஒருநாளும் லேட்டா சொன்னதே இல்லன்னேன்!"

கவசத்துக்குள்ளிருந்து வந்தாலும் கர்ஜனை கர்ஜனைதான். எதிர்வீட்டு ஜன்னலில் ரொட்டிக்கடைக்காரியின் தூங்குமூஞ்சி எட்டிப்பார்த்தது.

"அதான் கூப்புடறேன். வா, பக்கத்துல உக்காந்து வழி சொல்லு. உனக்குத்தான் மனப்பாடமாச்சே" என்றான் எல்வியோ.

4

முடிவு ஒன்று: அவள் உட்கார்கிறாள், ஜெயிக்கிறார்கள். முடிவு இரண்டு: அவனை எழுப்பிவிட்டுத் தானே ஓட்டுகிறாள். (இதற்குக் கைதட்டல் கிடைக்கும்.) இரண்டையும் அவளிடம் நீட்டினேன். பார்க்கக்கூட இல்லை.

"வாயேன்டி."

"மாட்டேன்ப்பா," என்றாள் மெதுவாக.

(ஒரே ஒரு வளைவாவது சொல்லேன், கதையை முடிக்க வேண்டுமே என்று நானும் கெஞ்சினேன். எனக்கும் அதே பதில்தான்.)