அத்திப்பள்ளிக்குப் போன கம்ப்யூட்டர்

1
இந்தக் கதை என் மூளையில் உதித்ததல்ல. 2008இல், ஓசூர் பஸ் ஸ்டாண்டில், கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு ஏறிய ஒருவனிடம் கண்டக்டர் லக்கேஜ் டிக்கெட் கேட்டுச் சண்டை போட்டார். நான் பார்த்தது அவ்வளவுதான். மீதி முழுக்க என் கைச்சரக்கு.

2
'பனி மூடிய ஓசூரின் காலையில்...' என்று தொடங்கி, அடித்துவிட்டேன். பனிக்கும் பொற்கொடிக்கும் என்ன சம்பந்தம்?

பொற்கொடி இரும்புத் தகடு அடிக்கும் பிரஸ் ஷாப்பில் வேலை செய்பவள். பக்கத்து மெஷினில் ஒருவருக்கு விரல் போயிற்று. கை உள்ளே போனால் மெஷினை நிறுத்துகிற சென்சாரின் ஒயரைப் பிடுங்கியது இவள்தான் என்கிறது கம்பெனி. ஷிப்ட் தொடங்கும்போதே ஒயர் அறுந்து தொங்கியதை அவள் போனில் படம் எடுத்திருக்கிறாள். நாளைக் காலை விசாரணை. போனோ ஆன் செய்தால் பிராண்ட் பெயரை மட்டும் காட்டிவிட்டு அப்படியே நிற்கிறது.

ரிப்பேர் கடை முனிவேல் சொன்னான்: "சாப்ட்வேர் மறுபடி ஏத்தணும்மா. படம் இருக்கற எடத்தத் தொடாம ஏத்திடலாம். ஆனா நடுவுல கரண்ட் போச்சுன்னா செட்டு செத்துடும், படமும் போயிடும்."

அந்த வருடம் ஓசூரில் கரண்ட் எப்போது போகும் என்று யாருக்கும் தெரியாது. கடை யுபிஎஸ்ஸும் படுத்துவிட்டது.

"அத்திப்பள்ளி கர்நாடகா தானேண்ணா? அங்க இந்நேரம் கரண்ட் போவாது. கம்ப்யூட்டரத் தூக்குங்க, போலாம்."

[முதல் பிரதியில் முனிவேல் அவளைக் காதலித்தான். அவளுக்கு அதற்கு நேரமில்லை, வெட்டிவிட்டேன்.]

3
அத்திப்பள்ளி டீக்கடை கங்கப்பன் கன்னடத்தில் திட்டினார். திட்டிக்கொண்டே பிரிட்ஜ் ப்ளக்கைப் பிடுங்கி இடம் கொடுத்தார்.

முதல் சாப்ட்வேர் பைலை போன் ஏற்கவில்லை. இரண்டாவது பாதியில் நின்றது. முனிவேலுக்கு வேர்த்துவிட்டது. இங்கே நான் பேனாவை

வைத்துவிட்டு எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தேன்.

"கேபிள் லூசும்மா."

"நான் அழுத்திப் புடிச்சுக்கறேன். நீங்க ஏத்துங்க."

விரல் நுனி வெளுக்கும்வரை பிடித்திருந்தாள். கம்ப்யூட்டர் திரையில் கோடு நகர்ந்து நகர்ந்து முடிந்தது. பெயர் வந்தது, போயிற்று, மெனு வந்தது! எல்லாம் கன்னடத்தில்.

"பெங்களூரு பைலும்மா, அதான்..."

"எழுத்து கெடக்குதுண்ணா, படத்தத் தொறங்க!"

படம் இருந்தது. ஒயர், அதன் அறுந்த நுனி, ஓரத்தில் தேதியும் நேரமும். பொற்கொடி போட்ட கூச்சலில் கடையே திரும்பியது. கங்கப்பன் எல்லோருக்கும் டீ ஊற்றினார். எழுதுகிறவன் துள்ளக்கூடாது என்பார்கள். நான் துள்ளினேன்.

4
முடிவு அ: மேனேஜர் மன்னிப்பு கேட்கிறார். (நம்ப மாட்டீர்கள்.)
முடிவு ஆ: படம் பொய் என்கிறார்கள். (எழுத எனக்கு மனமில்லை.)

ஆகவே விசாரணை அறை வாசலோடு நான் நின்றுகொள்கிறேன். பொற்கொடி நிமிர்ந்து உள்ளே போகிறாள். மேசைக்கு அந்தப் பக்கம் நாற்காலி காலியாக இருக்கிறது. உட்காருங்கள். ஆமாம், நீங்கள்தான். போனை உங்கள் முன்னால் வைக்கிறாள்.

"பாருங்க சார். இப்ப சொல்லுங்க."