செவ்வாய்க்கிழமைப் பற்றீஸ்

வடையைப் பிட்டு ஆவியைக் காட்டிக்கொண்டிருந்தபோது அடுத்து என்ன சொல்லவேண்டும் என்பது சுகிர்தாவுக்கு மறந்துபோனது. கொழும்பு வெள்ளவத்தைச் சந்தைக்கு எதிரே இருந்த சைவக் கடையின் கடைசி மேசை. எதிரில் ஒல்லாந்திலிருந்து வந்த கணவனும் மனைவியும். இருவரும் ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் என்பதால் பொறுமையாகக் காத்திருந்தார்கள். மூன்று வருடமாகச் சனிக்கிழமைதோறும் சொல்லிவந்த வசனம். உழுந்து ஊறும் நேரம், நடுவில் துளை ஏன் என்பது, யாழ்ப்பாணத்து வடைக்கும் இதற்கும் உள்ள வேறுபாடு. ஒன்றும் நாவுக்கு வரவில்லை. “ஆறமுதல் சாப்பிடுங்கோ” என்று மட்டும் ஆங்கிலத்தில் சொன்னாள்.

அவளுடைய கைப்பையில் நான்காக மடித்த, நிரப்பாத பொலிஸ் பதிவுப் படிவம் ஒன்று இருந்தது. காலையில் வீட்டுக்காரர் சிவானந்தன் அதை அவளுடைய அறைக் கதவுக்குக் கீழால் தள்ளிவிட்டு, பிறகு மனம் கேளாமல் கதவைத் தட்டினார்.

“பிள்ளை, குறை நினையாதையும். வாற திங்கக்கிழமை பதிவு புதுப்பிக்கேக்க உம்மட பேரை நான் போடமாட்டன். முன் லேனில ஒரு பொடியனைக் கொண்டுபோகேக்க வீட்டுக்காரரையும் கொண்டு போனவங்கள். எனக்குப் பிறஷர்.”

“ஓம் அங்கிள்” என்றாள் அவள். வேறென்ன சொல்வது. அடையாள அட்டையில் பிறந்த இடம் கிளிநொச்சி என்று இருந்தது, புலிகளின் பகுதி. ஏதாவது ஒரு வீட்டுக்காரர் தன் வீட்டில் இருப்பவள் என்று அவளுடைய பெயரை எழுதி, எவ்வளவு காலமாகத் தெரியும் என்று குறித்து, கையெழுத்து வைக்கவேண்டும். திங்கட்கிழமைக்குள் அது நடக்காவிட்டால், அடுத்த சுற்றிவளைப்பில் அவள் யாருமில்லாத ஆள். ஊருக்குத் திரும்பலாம் என்றால் ஆவணியோடு பாதையை மூடிவிட்டார்கள். அம்மாவிடமிருந்து கடிதம் வந்து நான்கு மாதம்.

கொழும்பில் அவளுக்குத் தெரிந்தவர்களை விரல்விட்டு எண்ணினால் ஒரு கையே அதிகம். இரசாயனவியலில் அவளோடு படித்தவர்கள் லண்டனிலும் ரொறொன்ரோவிலும் இருந்தார்கள். இரத்மலானைப் பெயின்ற் தொழிற்சாலையில் ஆய்வுகூட வேலை கிடைக்கும் என்று நம்பித்தான் அவள் வந்தாள். அது கிடைக்கவில்லை. சமாதான காலம் அது. வெள்ளைக்காரர் கூட்டம் கூட்டமாக வந்துகொண்டிருந்தார்கள். ஹியூபேட் சேர் அவர்களைத் தெருத்தெருவாக நடத்திச் சாப்பாடு காட்டும் தொழிலை அப்போதுதான் தொடங்கியிருந்தார்; அவளை வழிகாட்டியாக எடுத்தார். இப்போது சண்டை திரும்பிவிட்டதால் மாதத்தில் இரண்டு நடை வந்தால் பெரிது. நடை இல்லாத நாட்களில் அவள் யாரோடும் பேசுவதில்லை. சில பின்னேரங்களில் தன் குரல் இருக்கிறதா என்று பார்ப்பதற்காக அறைக்குள் நின்று வடையின் வரலாற்றை ஆங்கிலத்தில் ஒப்புவிப்பாள்.

ஹியூபேட் சேருக்குக் காலையிலேயே தொலைபேசி எடுத்தாள். “கம்பெனிக் கடிதம் அவங்கள் எடுக்கமாட்டாங்கள், டியர். என்ர வீடு இரத்மலானை, கொழும்புப் பொலிஸ் எல்லைக்கு வெளியால. நீதான் இவ்வளவு சனத்தைத் தெரிஞ்சு வைச்சிருக்கிறாயே. ஆரிட்டயும் கேளன்.”

உண்மைதான். ஒவ்வொரு கடையிலும் அவள், “இவர் என் நண்பர்” என்றுதான் அறிமுகம் செய்வாள். அது ஹியூபேட் சேர் எழுதிக் கொடுத்த வசனம்.

அடுத்து, மாளிகாவத்தைக் கடையில் ஷரீப் நானா பிட்டையும் பாபத் கறியையும் மேசையில் பரப்பி வைத்திருந்தார். மாட்டுக் குடல் என்று சொன்னதும் விருந்தினர் முகத்தில் ஒரு நிமிடம் மேகம் படரும்; ஒரு வாய் வைத்ததும் விலகும். இன்றும் அப்படித்தான்.

“இவர் என் நண்பர் ஷரீப்” என்றாள் சுகிர்தா.

“என்னா தங்கச்சி, ரெண்டே பேர்தானா இண்டைக்கி? முந்தி பஸ்ஸால எறக்குவீங்க.”

“இப்ப ஆரும் வாறேல்ல நானா.” பிறகு, விருந்தினர் சாப்பாட்டில் குனிந்திருந்த நேரம் பார்த்து, “நானா, உங்கட வீடு பக்கத்திலயா?” என்றாள்.

“ஃப்ளாட்ல. ரெண்டு ரூம். ஒம்பது பேர் ஈக்கிறோம். போன கெழம என்ட மச்சினனும் வந்துட்டான், மூதூர்ல இருந்து, புள்ளைகளோட. காலு நீட்ட எடமில்ல. ஏன் கேக்குறீங்க?”

“சும்மா.”

அவர் அவளை ஒரு கணம் பார்த்தார். பிறகு ஒரு இஞ்சிப் பிளேன்ரீயை அவள் முன்னால் வைத்துவிட்டுப் போனார். வழிகாட்டி வேலை நேரத்தில் எதையும் சாப்பிடக்கூடாது என்பது ஹியூபேட் சேரின் சட்டம். அந்த வெறும் தேநீர் ஆறும்வரை அவள் அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கொட்டாஞ்சேனையில் லேன் முகப்பில் மணல்மூட்டை அடுக்கியிருந்தார்கள். வெள்ளைக்காரர் இருவரையும் சிப்பாய் சிரித்துக்கொண்டே போகச் சொன்னான். அட்டையை வாங்கிப் பார்த்ததும் அவளை ஓரமாக நிற்கவைத்தான்.

“கம கொஹெத?”

ஊர் எது என்று அட்டையிலேயே இருந்தது. ஆனாலும் அவள் வாயால் சொல்லவேண்டும். சொன்னாள். கொழும்பில் என்ன செய்கிறாய், எங்கே இருக்கிறாய், யாருடைய வீடு. கடைசிக் கேள்விக்குச் சிவானந்தனின் பெயரைச் சொன்னபோது நாக்கு தடுமாறியது. திங்கள் வரை அது பொய்யில்லை. பதினைந்து நிமிடம் போனது. அட்டை திரும்பி வந்தபோது ஓரத்தில் வேர்வை ஈரம் இருந்தது, அவனுடையதோ அவளுடையதோ.

“உங்களை ஏன் இவ்வளவு நேரம்? நீங்கள் இந்த இடத்துப் பெண்தானே?” என்று ஒல்லாந்து அம்மா கேட்டாள்.

“வழக்கமான சோதனைதான்” என்றாள் சுகிர்தா. அதுவும் எழுதிக் கொடுத்த வசனம்.

மேபல் அன்ரியின் வீடு லேனில் ஐந்தாவது. வீதிப் பக்க யன்னலில் கண்ணாடிப் பெட்டி. பெட்டிக்குள் மீன் வைத்து மடித்துப் பொரித்த பற்றீஸ், கட்லிஸ். மேபல் அன்ரி அறுபது வயது, பருத்த உடம்பு, கழுத்தில் அந்தோனியார் பதக்கம். உள்ளே சாய்கதிரையில் கணவர் நிக்கலஸ், துறைமுகத்தில் கால் நசுங்கி வேலையை விட்டவர், மடியில் றேடியோவுடன். இந்த யன்னலடியில்தான் நடையின் உச்சக் கட்டம். தொடக்கத்தில் ஹியூபேட் சேர் சொல்லியிருந்தார்: “ருசி மட்டும் காணாது. கதை வேணும். உன்ர கதை.” எனக்கு இங்கே கதை இல்லை, சேர், என்றாள். “அப்ப ஒண்டு செய்வம்.”

செய்த கதை இது. சின்ன வயதில் செவ்வாய்க்கிழமைகளில் அம்மா அவளைக் கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்குக் கூட்டிவருவார். திரும்பும் வழியில் இந்த யன்னலில் ஒரு பற்றீஸ். அவசரத்தில் கடித்து நாக்கைச் சுட்டுக்கொண்டு அழுவாள். உண்மையில், இருபத்துநாலு வயதில் கொழும்புக்கு வரும்வரை அவள் பற்றீஸைப் படத்தில்தான் கண்டிருந்தாள். அவளுடைய சின்ன வயதில் சீனியே கிடைக்காத வருடங்கள் இருந்தன.

முதல் தடவை இந்தக் கதையைச் சொன்ன அன்று மேபல் அன்ரி மறுக்கப்போகிறார் என்று அவள் பயந்தாள். அன்ரி எண்ணெய்க் கரண்டியை உயர்த்தி, தன் உடைந்த ஆங்கிலத்தில், “யெஸ், யெஸ். கிரையிங், கிரையிங். புளூ ஃபுறொக்” என்றார். அடுத்த மாதம் கதையில் ஒரு செருப்புத் தொலைந்தது. வருடங்களோடு அந்தச் சிறுமி வளர்ந்தாள். சுகிர்தாவுக்கே சில இரவுகளில் அந்த நீலச் சட்டையின் துணி விரலில் தட்டுப்படும்.

இன்றும் சொன்னாள். அன்ரியும் நீலச் சட்டையைச் சொன்னார். ஒல்லாந்து அம்மா கண் கலங்கி, “உங்கள் அம்மா இன்னும் இங்கேதான் இருக்கிறாரா?” என்று கேட்டாள். சனிக்கிழமைகளில் யாரும் அதைக் கேட்டதில்லை.

“மதர், வெரி குட் லேடி” என்றார் மேபல் அன்ரி உடனே. “ஈற், ஈற். கோல்ட் ஆகும்.”

விருந்தினரை வான் வண்டியில் ஏற்றிவிட்டு அவள் திரும்பி நடந்தாள். லேனில் விளக்குகள் எரியத் தொடங்கியிருந்தன. இந்தத் தடவை யன்னலுக்கு அவள் தனியாகத்தான் போகவேண்டும். ஒருநாளும் அப்படி வந்ததில்லை.

“என்ன மகள், எதையும் விட்டிட்டுப் போனியா?”

“இல்ல அன்ரி.” படிவத்தை எடுத்துக் கண்ணாடிப் பெட்டியின்மேல் வைத்தாள். சொல்லவேண்டியதை வண்டியில் வரும்போதே மனதுக்குள் நாலு தடவை ஒப்புவித்திருந்தாள். இப்போது வந்தது வேறு. “நான் கொட்டாஞ்சேனை இல்லை அன்ரி. அந்தக் கதை ஒஃபிஸில செய்தது. நான் கிளிநொச்சி. திங்கக்கிழமைக்குள்ள ஒரு வீடு காட்ட வேணும். உங்கட மேல் அறை சும்மா கிடக்கெண்டு முந்தி சொன்னீங்கள். வாடகை தருவன்.”

மேபல் அன்ரி கையைத் துடைக்காமலே படிவத்தை எடுத்துத் தூரப் பிடித்து வாசித்தார். பிறகு சிரித்தார், வயிறு குலுங்கியது.

“கொட்டாஞ்சேனை இல்லையாம்! அடியே, இந்த யன்னல் வைச்சது தொண்ணூத்தெட்டில, இவருக்குக் கால் போன பிறகு. நீ சின்னப் பிள்ளையா இருக்கேக்க இது சுவர். சுவரிட்டயா பற்றீஸ் வாங்கினாய்?”

சுகிர்தாவின் காது சுட்டது. “அப்ப ஏன் அன்ரி நீலச் சட்டை எண்டு சொன்னீங்கள்?”

“பின்ன? அதுகளுக்கு முன்னால உதடு காஞ்சுபோய் நிண்டாய். நான் ஒரு வார்த்தை போட்டா நீ மூச்சு விடுவாய் எண்டு போட்டன். அந்தச் சட்டை என்ரது. செருப்பைத் துலைச்சதும் நான்தான், அம்மாட்ட நல்லா வாங்கினனான்.”

உள்ளேயிருந்து நிக்கலஸின் குரல் வந்தது. “மேபல். வேண்டாம்.”

“நீங்க செய்தியைக் கேளுங்க.”

“கேட்டுக்கொண்டுதான் இருக்கிறன். அந்த ஊர்ப் பேரோட ஒரு அட்டை இந்த வீட்டில இருந்தா, எங்க வெடிச்சாலும் முதல் தட்டுறது எங்கட கதவை.” சற்று நிறுத்தி, “பிள்ளை, நீ நல்ல பிள்ளை. நல்ல பிள்ளையளைத்தான் கொண்டுபோறாங்கள். பிறகு கையெழுத்து வைச்சவனையும்” என்றார்.

அதில் கோபம் இல்லை. படிவத்தை வாங்கிக்கொள்ளக் கையை நீட்டினாள். மேபல் அன்ரி அந்தக் கையில் ஒரு பற்றீஸை வைத்தார்.

“சட்டியால இப்பதான் எடுத்தது. மூண்டு வருசமா இதைப் பற்றிக் கதைக்கிறாய், ஒருக்கா எண்டாலும் திண்டியா?”

சாப்பிடக்கூடாது என்று சொல்ல வாயெடுத்தாள். நடை முடிந்துவிட்டது. கடித்தாள். மேற்தோல் நொறுங்கி, உள்ளிருந்த மீனும் கிழங்கும் நெருப்பாக நாக்கில் ஒட்டின. கொதித்த எண்ணெய் எத்தனை பாகை சூடு என்று அவளுக்குத் தெரியும், தெரிந்தும் ஆறவிடவில்லை. கண் நிறைந்து, மூக்கு நிறைந்து, வாயைத் திறந்தபடி யன்னலுக்கு முன்னால் நின்று அழுதாள். துப்பவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை. சூட்டில் தொடங்கிய அழுகை சூடு ஆறிய பிறகும் நிற்கவில்லை. லேனால் போன ஒரு பெண் திரும்பிப் பார்த்துவிட்டுப் போனாள்.

“சூடெண்டு சொல்லவிட்டாத்தானே” என்றார் மேபல் அன்ரி மெதுவாக. ஒரு கோப்பைத் தண்ணீரை யன்னல் கட்டையில் வைத்தார். பிறகு, படிவத்தைப் பழைய பேப்பரின்மேல் விரித்து, ஜாம் போத்தலுக்குள் சொருகியிருந்த பேனையை எடுத்தார். வீட்டு இலக்கத்தை எழுதினார். அவளுடைய பெயரை எழுத்துக்கூட்டிக் கேட்டு எழுதினார். உறவு என்ற இடத்தில் யோசிக்காமல் எதையோ எழுதினார். தலைகீழாக நின்ற சிங்கள எழுத்துகளைச் சுகிர்தாவால் வாசிக்க முடியவில்லை.

அடுத்த வரியில் பேனை நின்றது. எவ்வளவு காலமாகத் தெரியும்.

“அந்த நீலச் சட்டை போட்ட நேரம் உனக்கு என்ன வயசு?”

சுகிர்தா தண்ணீரை வாயில் வைத்தபடி நின்றாள். மூன்று வருடத்தில் யாரும் அதைக் கேட்கவில்லை. ஹியூபேட் சேரும் எழுதித் தரவில்லை.

“ஆறு” என்றாள். “ஆறு வயசு.”

மேபல் அன்ரி குனிந்தார். அவருடைய பெருவிரல் பிடித்திருந்த இடத்தில் எண்ணெய் ஊறி, தாள் கண்ணாடிபோலாகி, கீழிருந்த பேப்பரின் எழுத்துகள் தெரிந்தன. அதன்மேல் மை பிடிக்கவில்லை. ஒரு கோடு கீறினார். வெறும் தடம் விழுந்தது. பேனை முனையைப் பேப்பர் ஓரத்தில் தேய்த்துவிட்டு மறுபடியும் அழுத்தினார். உள்ளே றேடியோ நின்றது. சாய்கதிரை கிறீச்சிட, நிக்கலஸின் ஊன்றுகோல் சீமெந்துத் தரையில் ஒவ்வொரு அடியாக யன்னலை நோக்கி வரத் தொடங்கியது.