காலை வகைக்காரி

என்னை வாயாடி என்று சொல்லியிருக்கிறார்கள், முன்கோபி என்று சொல்லியிருக்கிறார்கள், ராட்சசி என்று முதுகுக்குப் பின்னால் சொன்னதும் காதில் விழுந்திருக்கிறது. எதையும் நான் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. என்னைப் படுத்தி எடுத்தது ஒரு பாராட்டுதான். ப்ரொஜெக்டர் வெளிச்சத்தில், எல்லோரும் கைதட்ட, அறிவியல் பெயரோடு வந்த பாராட்டு.

நான் வேலை பார்ப்பது ஒரு பெரிய மருத்துவமனையின் சலவைக்கூடத்தில். படுக்கை விரிப்பு, தலையணை உறை, ஆபரேஷன் அறையின் பச்சைத் துணி எல்லாம் மூட்டை மூட்டையாக வரும். அழுக்கு ஒரு வாசலில் உள்ளே வந்து, சுத்தம் இன்னொரு வாசலில் வெளியே போகும். இரண்டும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளவே கூடாது. நான் சுத்தப் பக்கம். உலர்ந்து வரும் விரிப்புகளைச் சூடான ரோலரில் விட்டு, மடித்து, வார்டு வாரியாக ட்ராலியில் அடுக்குவது என் வேலை. பொழுது விடிந்ததும் வார்டுகளில் படுக்கை மாற்றுவார்கள் என்பதால் எங்களுக்கு விடியற்கால ஷிஃப்ட் என்று ஒன்று உண்டு. தெருநாய்கூடச் சுருண்டு கிடக்கும் நேரத்தில் வீட்டை விட்டுக் கிளம்ப வேண்டும். யாருக்கும் பிடிக்காத ஷிஃப்ட், ஆகவே முறை வைத்து மாறி மாறிப் பார்த்துவந்தோம். என் முறை வரும்போது மட்டும் நான் கெஞ்சியோ மிரட்டியோ அதை வேறு யார் தலையிலாவது கட்டிவிட்டு, பதிலுக்கு அவர்களுடைய ஞாயிற்றுக்கிழமை ஷிஃப்டை நான் பார்ப்பேன்.

காரணம் அப்பா. அப்பாவுக்கு மறதி நோய். வீட்டில் நான், தம்பி, அப்பா மூன்று பேர்தான். பகலில் அப்பாவைப் பார்த்துக்கொள்ள ஓர் அம்மா வருவார். நான் வேலை முடிந்து வரும்போது அப்பாவுக்கு என்னைத் தெரியாது. பொழுது சாயச் சாயக் குழப்பம் கூடும். ஏதோ பஸ்ஸைத் தவறவிட்டவர் மாதிரி வாசலுக்கும் அறைக்கும் நடப்பார். ஆனால் விடியற்காலையில் எழுந்ததும் கொஞ்ச நேரம், ஜன்னல் வெளுக்கும் வரை, அப்பா அப்பாவாகவே இருப்பார். “சிலருக்கு அப்படி இருக்கும்மா. தூங்கி எழுந்ததும் தெளிவா இருப்பாங்க. கிடைக்கறத வாங்கிக்குங்க” என்று டாக்டர் சொன்னார். வாங்கிக்கொண்டிருந்தேன். அந்த நேரத்தில் அப்பா என்னை ‘மொளகா’ என்று கூப்பிடுவார், சின்ன வயதில் வைத்த பெயர். ஊரின் முதல் பஸ்ஸை ஓட்டிய டிரைவர் அவர். சீக்கிரம் விழிக்கும் உடம்பு எனக்கு அவரிடமிருந்து வந்ததுதான். தம்பி கும்பகர்ணனுக்குத் தம்பியாகக் கிடக்க, நாங்கள் இருவரும் காப்பியோடு உட்கார்ந்து பக்கத்து வீட்டுக்காரரின் குறட்டையைப் பற்றி, ஒழுகும் குழாயைப் பற்றி, ஒன்றுக்கும் உதவாத எதையாவது பற்றிப் பேசிக்கொண்டிருப்போம். ஒரு நாளில் எனக்கு அப்பா இருந்தது அவ்வளவு நேரம்தான்.

அப்படியிருக்கும்போதுதான் தூக்க நிபுணர் வந்தார். தூக்கக் கலக்கத்தில் ஒருவர் ட்ராலியோடு போய்ச் சுவரில் மோதிவிட்டார் என்பதற்காக நிர்வாகம் அவரை வரவழைத்திருந்தது. நல்ல மனிதர். புரியும்படி பேசினார்.

“ஒவ்வொரு உடம்புக்குள்ளயும் ஒரு கடிகாரம் இருக்கு. சிலருக்கு அது முன்னாடி ஓடும், சிலருக்குப் பின்னாடி ஓடும். இந்தக் குணத்துக்கு அறிவியல்ல க்ரோனோடைப்னு பேர். சீக்கிரம் எழுந்து சீக்கிரம் அசர்றவங்க காலை வகை. பொழுது சாஞ்சாதான் சுறுசுறுப்பே வரும்னா மாலை வகை. பெரும்பாலானவங்க ரெண்டுக்கும் நடுவுல இருப்பாங்க. செல்லமா வானம்பாடி, ஆந்தைன்னும் சொல்றதுண்டு. பாதி பிறவியில வர்றது, வயசுக்கு ஏத்த மாதிரி கொஞ்சம் மாறும். ஒண்ணு நல்லா ஞாபகம் வச்சுக்குங்க. சீக்கிரம் எழுந்திரிக்கறவங்க எல்லாம் உழைப்பாளியும் இல்ல, லேட்டா எழுந்திரிக்கறவங்க எல்லாம் சோம்பேறியும் இல்ல.”

பிறகு ஒரு கேள்வித்தாள் கொடுத்தார். எத்தனை மணிக்கு எழ உங்களுக்குப் பிடிக்கும், எழுந்ததும் பசிக்குமா, கடினமான வேலையை எப்போது செய்வீர்கள் என்று கேள்விகள். பரீட்சை என்றாலே முதலாவதாக வரவேண்டும் என்கிற புத்தி எனக்கு. ஒவ்வொன்றுக்கும் அழுத்தித் திருத்தமாகப் பதில் எழுதினேன். சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்கிறோம் என்று அப்போது தெரியவில்லை.

அடுத்த வாரம் முடிவைத் திரையில் போட்டார்கள். என் பெயருக்கு நேரே ‘உச்சக் காலை வகை’ என்று இருந்தது. கூடம் முழுக்கக் கைதட்டியது. “கோழி இல்லடி இவ, கோழிய எழுப்பி விடற கோழி!” என்று ரோலர் பக்கமிருந்து ஒருத்தி கத்தினாள். நான் பல்லைக் காட்டிக்கொண்டு எழுந்து நின்று கும்பிடுகூடப் போட்டேன்.

அதற்கடுத்த திங்கட்கிழமை ட்யூட்டி சார்ட் ஒட்டினார்கள். விடியற்கால ஷிஃப்ட், நிரந்தரம், என் பெயர்.

சூப்பர்வைசர் அறைக்கு ஓடினேன். அவர் குரலை உயர்த்தவே மாட்டார். அதனாலேயே அவரோடு சண்டை போடுவது கல்லில் நார் உரிக்கிற வேலை.

“சார், இது முறை வச்சுப் பாக்கற ஷிஃப்ட் சார்.”

“இனிமே இல்லம்மா. அறிவியல்படி போகச் சொல்லி மேலிடத்து உத்தரவு. நீங்கதான் உச்சக் காலை வகையாச்சே. உங்களுக்குப் பழம் நழுவிப் பால்ல விழுந்த மாதிரி.”

“எங்கப்பாவுக்கு உடம்பு சரியில்ல சார். விடியக்காலைல மட்டும்தான் என்னை அடையாளம் தெரியும். அந்த நேரத்துல நான் வீட்ல இருக்கணும்.”

அவர் முகத்தில் உண்மையாகவே இரக்கம் தெரிந்தது. “பாவம்தாம்மா. ஆனா எல்லார் வீட்லயும் ஏதாவது ஒண்ணு இருக்கும். வீட்டு நிலவரத்தப் பாத்து சார்ட் போட்டா பாரபட்சம்பாங்க. இது உடம்பப் பாத்துப் போட்டது. யாரும் குறை சொல்ல முடியாது.”

“பழையபடி யார்கூடயாவது மாத்திக்கறேன் சார்.”

“மத்தவங்கள்லாம் நடு வகையும் மாலை வகையும்மா. அவங்களைக் கொண்டுபோய் அதுல போட்டா மறுபடி சுவத்துல மோதுவாங்க.”

வெளியே வந்து ஒரு தலையணை உறையை எடுத்து, மடித்து, பிரித்து, மறுபடி மடித்தேன். அதே கூடத்தில் நேற்றுவரை ஞாயிற்றுக்கிழமை வேலையை என் தலையில் கட்டிய புண்ணியவதிகள் எல்லாம், “உனக்கென்னக்கா, நீ காலை வகை, உன் உடம்பு அப்படி” என்று நகர்ந்துவிட்டார்கள். எந்தச் சொல்லையும் இப்படி ஒரே வாரத்தில் ஊர் கற்றுக்கொண்டு நான் பார்த்ததில்லை.

வீட்டிலாவது ஆதரவு கிடைக்கும் என்று தம்பியிடம் சொன்னேன். அவன் வீட்டிலிருந்தே ராத்திரியெல்லாம் கம்ப்யூட்டரில் வேலை பார்ப்பவன். “நான் போனப்புறம் விடியக்காலைல அப்பாகூட நீ கொஞ்சம் உக்காரு. அவருக்கு அப்ப நல்லா தெரியும். பேசு” என்றேன்.

“அது என்ன டெஸ்ட்டுக்கா? எனக்கும் அனுப்பேன்” என்றான். அனுப்பித் தொலைத்தேன். உட்கார்ந்து எழுதிவிட்டு, லாட்டரி அடித்தவன் மாதிரி வந்தான். “பாத்தியா, நான் மாலை வகை! இத்தன வருஷமா சோம்பேறி சோம்பேறின்னு திட்டினியே. என்னால காலைல எழுந்திரிக்கவே முடியாதுக்கா. பிறவியிலயே அப்படி.”

அதாவது, அவனால் எழ முடியாததும் அறிவியல், என்னால் வீட்டில் இருக்க முடியாததும் அறிவியல். ஒரே காகிதம் அவனுக்குப் போர்வையாகவும் எனக்குச் சாட்டையாகவும் ஆகிவிட்டது.

விடுவேனா? நிபுணரின் நம்பரைத் தேடிப்பிடித்துப் பேசினேன்.

“சார், காலை வகைன்னா விடியக்காலைல வேலைக்குப் போயே ஆகணும்னு அர்த்தமா?”

“ஐயையோ, இல்லம்மா. எப்ப நீங்க தெளிவா இருப்பீங்கன்னுதான் அது சொல்லுது. அந்த நேரத்த நீங்க என்ன பண்றீங்கங்கறது உங்க இஷ்டம்.”

“இத எழுதித் தர முடியுமா?”

எழுதியும் அனுப்பினார். அந்த வரிகளைச் சூப்பர்வைசரின் மேஜையில் வைத்தேன். நிதானமாகப் படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“சரியாத்தாம்மா எழுதியிருக்கார். இதான் அந்தச் சொல்லுக்கு அர்த்தம். ஆனா நாம அத எதுக்குப் பயன்படுத்தறோம்னு நிர்வாகம்தான முடிவு பண்ணும்?”

காகிதத்தை மடித்து மரியாதையாக என்னிடமே திருப்பிக் கொடுத்தார். எனக்குச் சுவரில் முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

அப்படியே வாரங்கள் போயின. அப்பா எழுவதற்கு முன்பே நான் கிளம்பிவிடுவேன். வார விடுமுறையையும் ஆள் பற்றாக்குறை என்று பிடுங்கிக்கொண்டார்கள். மதியம் திரும்பும்போது தெளிவெல்லாம் வடிந்துபோன அப்பாதான் மிச்சம் இருப்பார்.

ஒரு நாள் மதியம் வந்தேன். பார்த்துக்கொள்ளும் அம்மா கிளம்பிப் போனார். அப்பா ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழப்போனார், மரியாதைக்கு.

“வாங்க. நீங்க புதுசா வந்திருக்கற நர்ஸா?”

மறுத்துப் பேசிக் குழப்ப வேண்டாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். “ஆமாங்க” என்றேன்.

“எனக்கு ஒரு பொண்ணு இருக்கா. தினம் காலைல வருவா. இப்பக் கொஞ்ச நாளாக் காணோம்.” தாழ்ந்த குரலில், பக்கத்து வீட்டுக்காரரிடம் குடும்ப விஷயம் சொல்வது போலச் சொன்னார். “கோவக்காரி. நான் என்ன சொல்லித் தொலைச்சேன்னு தெரியல. நீங்க எங்கயாவது பாத்தா சொல்லுங்க, அப்பா ஒண்ணும் மனசுல வச்சுக்கலன்னு.”

“சொல்றேங்க” என்றேன். சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு, சத்தம் கேட்காமல் அழுதேன். அப்புறம் தம்பியின் அறைக் கதவைக் காலால் உதைத்தேன்.

“விடியக்காலைல அப்பா கூப்பிடறாரா?”

அவன் காதிலிருந்ததைக் கழற்றினான். “யாரோ கூப்பிடற மாதிரி இருக்கும்க்கா. கனவுன்னு நெனச்சுத் திரும்பிப் படுத்துடுவேன்.”

அவனை என்ன செய்தேன் என்று எழுத வேண்டாம். அவனும் அழுதான் என்பது மட்டும் போதும். “நாளைக்கு நான் வேலைக்குப் போகல” என்றேன். “மெமோ குடுப்பாங்கக்கா. ரெண்டாவது தடவைன்னா வேலையே போயிடும்” என்றான். “குடுக்கட்டும். அதையும் அறிவியல்படி குடுக்கட்டும்.”

மறுநாள் வழக்கம்போல விழித்தேன். உடம்புக் கடிகாரத்துக்கு லீவு, மெமோ எதுவும் தெரியாதே. காப்பி போட்டு எடுத்துக்கொண்டு, அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு, இருட்டில் உட்கார்ந்தேன். இத்தனை வாரத்தில் அந்தக் கொஞ்ச நேரமும் போயிருந்தால்?

அப்பா புரண்டார். கண் திறந்தார். என்னையே பார்த்தார்.

“என்ன மொளகா, இருட்டுல பேய் மாதிரி உக்காந்திருக்க?”

டம்ளரை நீட்டினேன். எழுந்து உட்கார்ந்து ஒரு வாய் குடித்தார்.

“வேலைக்குப் போகல?”

“இன்னைக்கு லீவுப்பா.”

என் முகத்தை உற்றுப் பார்த்தார். “பொய். பொய் சொன்னா உனக்கு மூக்கு விடைக்கும். சின்னதுலேர்ந்தே அப்படித்தான்.”

அப்போது என் போன் அடித்தது. சூப்பர்வைசர். அணைத்தேன். மறுபடி அடித்தது.

“அதானே பாத்தேன்!” அப்பாவுக்கு ஒரேயடியாகச் சுறுசுறுப்பு வந்துவிட்டது. “முதல் பஸ்ஸுக்கு ஜனம் நிக்கும், டிரைவர் வீட்ல காப்பி குடிச்சுக்கிட்டு இருந்தா நல்லாவா இருக்கும்? ஒரு நாள் நான் லேட்டாப் போயிருப்பேனா? எழுந்திரு. கெளம்பு, கெளம்பு.”

எனக்கு வந்த ஆத்திரத்தை என்னவென்று சொல்வது! சூப்பர்வைசர் விரட்டினார், தம்பி போர்வையை இழுத்து மூடிக்கொண்டான், கூடவே வேலை பார்க்கிறவர்கள் கைதட்டி அனுப்பினார்கள். கடைசியில் யாருக்காக இத்தனை மல்லுக்கட்டினேனோ அந்த மனிதரும், என்னை அடையாளம் தெரிந்த அந்தக் கொஞ்ச நேரத்திலேயே, வேலைக்குப் போ என்கிறார். ஜன்னல் இன்னும் வெளுக்கவில்லை. போன் மூன்றாவது முறையாக அடித்தது. அதைத் தலையணைக்கு அடியில் திணித்தேன்.

“போறேன்ப்பா” என்றேன். “இதோ, இப்பப் போயிடறேன்.”

“மூக்கு விடைக்குது” என்று சொல்லிவிட்டு, அப்பா கட்டிலில் நகர்ந்து உட்கார்ந்து எனக்கு இடம் விட்டார்.