பல்லக்கா

படப்பிடிப்புத் தளத்தில் அவளுக்குப் பெயர் பல்லக்கா. முன்பற்கள் இரண்டும் உதட்டை மீறி வெளியே நிற்கும். அதை வைத்தே பதினெட்டு வருஷம் சோறு சாப்பிட்டாள். கதாநாயகி என்று நினைத்துக் கதாநாயகன் அவள் கையைப் பிடிப்பான். அவள் திரும்பிச் சிரிப்பாள். அவன் அலறி மயங்கி விழுவான். இதே காட்சியில் நாற்பத்தொரு படம். திரையரங்கில் சிரிப்பு எந்த நொடியில் வெடிக்கும், எப்போது அடங்கும் என்பதெல்லாம் அவளுக்கு அத்துப்படி.

நாற்பத்திரண்டாவது படத்தின் இயக்குநர் புதுசாக ஏதாவது செய்ய நினைத்தார். கதாநாயகன் மயங்காமல், அவளைச் சாக்கடைக்குள் தள்ளிவிட்டு ஓட வேண்டும்.

"நான் என்ன பேசுறேன் சார்?" என்று கேட்டாள்.

"உங்களுக்கு வசனம் இல்லக்கா. பல்லைக் காட்டினாப் போதும். மத்ததை ஹீரோ பாத்துக்குவாரு."

கேமரா ஓடியது. அவன் கையைப் பிடித்தான். அவள் திரும்பி, உதட்டை இறுக மூடிக்கொண்டு நேருக்கு நேர் பார்த்தாள். தள்ள வேண்டியவனுக்குக் கை எழவில்லை. ஐந்து தடவை எடுத்தார்கள்; ஐந்து தடவையும் அதே பார்வை.

"என்னக்கா, விளையாடுறீங்களா?"

"இல்ல சார். இத்தனை நாள் விளையாடினது போதும்னு பாக்குறேன்."

மதியத்துக்குள் வேறொரு பெண்ணுக்குப் பொய்ப்பல் மாட்டிக் காட்சியை முடித்துவிட்டார்கள். திமிர் பிடித்தவள் என்ற பேச்சு எல்லாத் தளங்களுக்கும் போய்ச் சேர்ந்தது. பதினான்கு மாதம் ஃபோன் அடிக்கவில்லை. லைட்மேனாக இருந்த கணவனிடம் சிலர் சாடையாகச் சொல்லிப் பார்த்தார்கள்.

"ஒரு மன்னிப்பு கேட்டுட்டா முடிஞ்சுபோச்சுன்றாங்க," என்றான் அவன்.

"நீ என்ன சொன்ன?"

"நீங்களே போய் அவகிட்ட சொல்லுங்கன்னேன். எனக்கு உசுரு மேல ஆசை இருக்கு."

அன்று அவள் வயிறு வலிக்கச் சிரித்தாள்.

பிறகு, முதல் படம் எடுக்கவிருந்த ஓர் இளம் பெண் இயக்குநர் தேடி வந்தாள். பிணவறையில் மகனை அடையாளம் காட்டும் தாய் வேடம். ஆறு நிமிடக் காட்சி. பல்லக்கா உடனே ஒப்புக்கொண்டாள். தயாரிப்பாளர்தான் இரண்டு பேரையும் அலுவலகத்துக்கு வரவழைத்துக் குழைந்தார்.

"பல்லுக்கு மட்டும் கிளிப் போட்டு உள்ள தள்ளிட்டா நல்லாருக்கும்மா. சோகமான இடத்துல ஜனங்க சிரிச்சிடக் கூடாது பாருங்க."

"சிரிக்க வைக்கிறப்ப இருந்த பல்லு அழுறப்ப மட்டும் இருக்கக் கூடாதா? பல்லு துருத்தினவ பெத்த புள்ள சாகாதா? இதே வாயோடதான் நடிப்பேன். வேண்டாம்னா சொல்லிடுங்க."

சொல்லிவிட்டு எழுந்தாள். இயக்குநரும் கூடவே எழுந்தாள். தயாரிப்பாளர் இருவரையும் உட்காரச் சொன்னார்.

படம் வெளியான அன்று பகல் காட்சிக்குக் கணவனோடு போனாள். திரையில் அவள் முகம் வந்ததும் பழக்கதோஷத்தில் அரங்கமே சிரித்தது. கணவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"நிமிந்து உக்காரு," என்றாள். "இன்னும் ஆறு நிமிஷம் இருக்கு."

திரையில் மகன் முகத்தை மூடியிருந்த துணி விலகியது. அந்தத் தாய் எதையும் மறைக்காமல் வாய்விட்டு அழுதாள். சிரிப்பு தேய்ந்தது. பின்வரிசையில் ஒருவன் மட்டும் விடவில்லை. பக்கத்திலிருந்தவர்கள் அவனை அதட்டினார்கள். பிறகு சத்தமே இல்லை.

படம் பதினோரு நாள்தான் ஓடியது. ஆனாலும் ஒரு வக்கீல் வேடம் வந்தது, அடுத்து ஒரு கடத்தல்காரி. அதற்காக வீட்டுக் கூடத்தில் பொம்மைத் துப்பாக்கியை நீட்டிப் பழகிக்கொண்டிருந்தாள்.

"சுவரைப் பாத்து நீட்டேன்," என்றான் கணவன்.

"எதிர்ல ஆள் இருந்தாத்தான் கை நிக்குது. அசையாம நில்லு."