உப்புப் போட்ட ரொட்டி

ராணுவ சார்ஜென்ட் ரொட்டியை ஒரு வாய் கடித்தார். மெல்லுவதை நிறுத்தினார். எங்கள் சலத்தெனாங்கோ மலையில் இந்தப் போர் தொடங்கியதிலிருந்து என்னென்னவோ சத்தங்கள் கேட்டிருக்கிறேன். ஒரு ஆள் மெல்லாமல் இருக்கிற சத்தம் இவ்வளவு பெரிதாக இருக்கும் என்று அன்றுதான் தெரிந்தது.

"உப்பு இருக்கே," என்றார்.

தப்பு என்னுடையது. வாசலில் யார் வந்து நின்றாலும், துப்பாக்கியோடு நின்றாலும், ஒரு சோள ரொட்டியாவது கொடுக்காமல் அனுப்புவது எங்களுக்கு வழக்கமில்லை. அடுப்படியில் இரண்டு துணி மூட்டைகள் இருந்தன. ஒன்று வீட்டுக்கு. அதில் உப்பு கிடையாது. தொட்டுக்கொள்ள பீன்ஸ் இருக்கும்போது ரொட்டிக்கு யார் உப்புப் போடுவார்கள்? மற்றது அரசை எதிர்த்து மலைமேல் இருக்கும் பையன்களுக்கு. அவர்களுக்குத் தொட்டுக்கொள்ள எதுவும் இல்லை, அதனால் உப்பை மாவிலேயே சேர்த்துவிடுவாள் என் மனைவி ருத்தீலியா. வீரர்களுக்குப் பயம் வந்தால் கை தானாக ஆயுதத்துக்குப் போகுமாம். எனக்கு ரொட்டிக்குப் போனது, அதுவும் தப்பான மூட்டைக்கு. இதே உப்புக்காகத்தான் ஆற்றுக்கு அக்கரையில் ஒருத்தியைப் படையினர் பிடித்துக்கொண்டு போனார்கள். அவளுடைய அம்மி இன்னும் முற்றத்தில் மழையில் நனைந்துகொண்டு கிடக்கிறது.

பையன்களின் வரலாற்றை வானொலியில் இரண்டு தரப்பும் இரண்டு விதமாகச் சொல்லும். எங்கள் வீட்டில் அது மாவில் தெரியும். முதலில் அவர்கள் தேவாலயத்தில் பைபிள் படித்துவிட்டு, காப்பித் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்ட சிலர், அவ்வளவுதான். காவல்படை அவர்களில் இருவரைக் கொன்று சாலையில் போட்டதும் மற்றவர்கள் மலையேறினார்கள். ருத்தீலியா கூடுதலாக ஒரு கைப்பிடி சோளம் ஊறவைத்தாள். பிறகு ஆங்காங்கே இருந்த கூட்டங்கள் ஒரே கொடியின் கீழ் சேர்ந்தன; நாங்கள் பெரிய பானை வாங்கினோம். போன மழைக்காலத்துக் குண்டுவீச்சுக்குப் பிறகு மாவு பாதியாகிவிட்டது. ஏன் என்று நான் கேட்கவில்லை.

"யாருக்குய்யா உப்பு ரொட்டி?"

"எனக்குத்தாங்க. உன் சமையல்ல ருசியே இல்லடின்னு ஒருநாள் வாய்தவறிச் சொல்லிட்டேன். அன்னையிலேர்ந்து இப்படித்தான் பழிவாங்குறா."

பின்னால் நின்ற தலைநகரத்துக் கார்ப்பரல் சிரித்துவிட்டான். சார்ஜென்ட் சிரிக்கவில்லை. அவர் எங்களைப் போல மலைக்காரர், பேச்சிலேயே தெரிந்தது.

"நல்லாப் பேசுற பெரியவரே. நல்லாப் பேசுறவனத்தான் நாங்க மொதல்ல குழி தோண்டச் சொல்லுவோம்." அடுப்படிப் பக்கம் திரும்பினார். "யம்மா, அந்த அம்மியில இருக்குற மாவுல ஒண்ணு தட்டு."

அது எந்த மூட்டைக்கான மாவு? எனக்குத் தெரியாது. அம்மி நிறைய இருந்த மாவிலும் உப்பு இருந்தால், எனக்கு மட்டும் என்ற பொய் உடைந்துவிடும். இத்தனை வருடம் குடும்பம் நடத்தியவன், மனைவியின் முகத்தைப் பார்த்து மாவில் உப்பு இருக்கிறதா என்று கண்டுபிடிக்கத் தெரியாத முட்டாளாக நின்றேன். அவள் என்னைப் பார்க்கவே இல்லை. உருண்டை பிடித்தாள், தட்டினாள். டப், டப். ஒரு தட்டுகூடப் பிசகவில்லை. ரொட்டி அடுப்பிலிருந்த மண் ரொட்டிக்கல்லில் உப்பி வந்தது. கார்ப்பரல் தோளிலிருந்த துப்பாக்கியைக் கையில் எடுத்தான்.

சார்ஜென்ட் ஊதி ஊதிப் பிய்த்து வாயில் போட்டார். நெடுநேரம் மென்றார்.

"என்ன சார், உப்பா?" என்றான் கார்ப்பரல்.

"இல்ல. சாதா ரொட்டிதான். கெழவனுக்கு நாக்கு செத்துப்போச்சு, தனியா உப்புப் போட்டுத் திங்கிறான். நட."

கார்ப்பரல் மற்றவர்களோடு சரிவில் இறங்கினான். சார்ஜென்ட் மீதிப் பாதியை என் கையில் வைத்துவிட்டு, அவள் பக்கம் திரும்பாமலே சொன்னார்: "எங்கம்மா இன்னும் கொஞ்சம் தடிமனாத் தட்டுவா. அப்பத்தான் மேல போய்ச் சேர்ற வரைக்கும் கெடாது."

அவர் வேலியைத் தாண்டிய பிறகு அந்தப் பாதியைக் கடித்துப் பார்த்தேன்.

கரித்தது.

"உப்புப் போட்டிருந்தியா?" என்றேன்.

ருத்தீலியா அடுத்த உருண்டையை எடுத்து இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவே வைத்தபடி, தட்டாமல், வாசலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். கீழே சோளக்கொல்லைக்கு நடுவே தலைக்கவசங்கள் ஒவ்வொன்றாக வளைவில் மறைந்தன. கடைசியாகப் போன சார்ஜென்டின் தலைக்கவசம் மட்டும் நின்றது. திரும்பவில்லை. நகரவுமில்லை.